சாண்டல் சொன்னது சரிதான், ஆனால் லிபரலிசத்துக்கு அடி விழுந்த இடம் வேறு

கேள்வியைச் சுருக்கிச் சொல்லிவிட்டுத் தொடங்குகிறேன். கல்லூரியில் ஒரு வாரம் அமெரிக்க லிபரல் தத்துவவாதி ஜான் ரால்ஸ் நடத்தினார்கள், அடுத்த வாரமே மைக்கேல் சாண்டல், சார்லஸ் டெய்லர், அலஸ்டர் மெக்கின்டயர் என்ற தத்துவவாதிகள் மூவரும் வந்து அவரை ஒன்றுமில்லாமல் ஆக்கிவிட்டார்கள் என்று நடத்தினார்கள். மனிதன் ஒரு வீட்டில், ஒரு ஊரில், ஒரு மொழிக்குள்தான் பிறக்கிறான், வானத்திலிருந்து குதிப்பதில்லை. அப்படியிருக்க, தனிமனிதனை அடித்தளமாக வைத்த லிபரலிசம் 1980களிலேயே முடிந்த கதைதானே, இன்னும் ஏன் ரால்ஸைப் பிடித்துத் தொங்குகிறார்கள்? இதுதான் நீங்கள் கேட்டது.

முடியவில்லை என்பது என் பதில். நீங்கள் பெயர் சொன்ன மூன்று பேரும் கேட்டது நல்ல கேள்வி, அதற்கு ஓரளவு நல்ல பதிலும் வந்துவிட்டது. லிபரல்களால் இன்றுவரை சரியாகப் பதில் சொல்ல முடியாத கேள்விகளைக் கேட்டவர்கள் வேறு ஆட்கள், பாடத்திட்டத்தில் கடைசி வாரத்தில் அவசரமாக முடிக்கப்படுகிறவர்கள். முதல் கூட்டம், லிபரலிசம் தனிமனிதனை அளவுக்கு மீறித் தூக்கிவைக்கிறது என்கிறது. இரண்டாவது கூட்டமோ, தூக்கிவைக்கிறோம் என்று முந்நூறு வருடமாகச் சொல்கிறீர்களே, எங்களை எப்போது தூக்கினீர்கள் என்று கேட்கிறது. இரண்டையும் ‘லிபரலிச விமர்சனம்’ என்று ஒரே பைக்குள் போட்டுப் படிப்பதால்தான் இவ்வளவு குழப்பமும்.

முதலில் ரால்ஸ் என்ன செய்ய வந்தார் என்று பார்க்கலாம். அவருடைய ‘நீதி பற்றிய ஒரு கோட்பாடு’ 1971இல் வந்தபோது ஆங்கிலம் பேசும் நாடுகளின் தத்துவத் துறைகளில் கோலோச்சியது பயன்பாட்டுவாதம்: எது மொத்த இன்பத்தைக் கூட்டுகிறதோ அதைச் செய். ரால்ஸின் ஆட்சேபம் எளிமையானது. ஒரு மனிதன் நாளைய நன்மைக்காக இன்று பட்டினி கிடக்கலாம், நஷ்டமும் லாபமும் அவனுக்கே. ஆனால் ஒரு சமூகம் பத்துப் பேரின் நன்மைக்காக ஒருவனைப் பட்டினி போட்டால் நஷ்டம் ஒருவனுக்கு, லாபம் வேறொருவனுக்கு. பயன்பாட்டுவாதம் இந்த வித்தியாசத்தைக் கண்டுகொள்வதே இல்லை, பல மனிதர்களை ஒரே பெரிய மனிதன் போலக் கணக்குப் பார்க்கிறது. அதனால் அவர் ஒரு கற்பனைச் சூழலை அமைத்தார். சமூகத்தின் அடிப்படை விதிகளை வகுக்க உட்காருகிறவர்கள் தாங்கள் ஆணா பெண்ணா, ஏழையா பணக்காரரா, திறமைசாலியா மந்தமானவரா, எந்த மதம் என்று எதுவும் தெரியாத ஒரு ‘அறியாமைத் திரை’க்குப் பின்னால் இருக்கிறார்கள். அப்படி உட்கார்ந்தால் அவர்கள் இரண்டு கொள்கைகளுக்கு வருவார்கள் என்றார். எல்லோருக்கும் சமமான அடிப்படைச் சுதந்திரங்கள், இதைப் பொருளாதார லாபத்துக்காக விற்கக் கூடாது. இரண்டாவது கொள்கைக்கு இரண்டு பகுதி: பதவிகளும் வேலைகளும் நியாயமான வாய்ப்புச் சமத்துவத்தோடு எல்லோருக்கும் திறந்திருக்க வேண்டும். அதற்கு மேல் ஏற்றத்தாழ்வு இருந்தால் அது கடைநிலையில் இருப்பவனுக்கு ஆகக் கூடிய நன்மையைத் தருவதாக இருக்க வேண்டும். (ரால்ஸ் சிறுவனாக இருந்தபோது அவரிடமிருந்து தொற்றிய நோயில் அவருடைய தம்பிகள் இருவர் அடுத்தடுத்து இறந்தார்கள். யாருக்கு என்ன வாய்க்கிறது என்பது தகுதியால் வருவதல்ல என்ற அவருடைய பிடிவாதத்துக்கு இதுதான் காரணம் என்று நான் சொல்ல மாட்டேன், ஆனால் அந்தப் பக்கங்களைப் படிக்கும்போது நினைவுக்கு வராமல் இருப்பதில்லை.)

ஹார்வர்டில் அவருடைய சக ஆசிரியர் ராபர்ட் நோசிக் 1974இல் எழுதிய பதிலை இங்கே வேகமாகத் தாண்டிவிடுகிறேன். கூடைப்பந்து வீரர் வில்ட் சேம்பர்லினைப் பார்க்கப் பத்து லட்சம் பேர் ஆளுக்கு 25 சென்ட் விரும்பிக் கொடுக்கிறார்கள், அவர் கையில் இரண்டரை லட்சம் டாலர் சேர்கிறது, இதில் எங்கே அநீதி, இதைப் பறிக்க அரசு யார் என்பது அவர் கேள்வி. சாமர்த்தியமான கேள்விதான். ஆனால் இது வீட்டுக்குள் நடக்கும் சண்டை. தனிமனித உரிமைதான் முதலில் என்பதில் இருவருக்கும் தகராறு இல்லை, அந்த உரிமைக்குள் சொத்து எவ்வளவு தூரம் அடங்கும் என்பதில்தான்.

சாண்டலுக்கு வருவோம். 1982இல் அவர் எழுதிய புத்தகத்தைப் பற்றிப் பலரும் நினைவில் வைத்திருப்பது ‘சுமையற்ற சுயம்’ என்ற ஒரு சொல்லாட்சியை மட்டும்தான். திரைக்குப் பின்னால் உட்கார்ந்திருக்கும் அந்த ஆள் யார், அவனுக்குப் பெற்றோர் கிடையாது, நாடு கிடையாது, கடவுள் கிடையாது. இலட்சியங்களைச் சட்டை மாதிரி மாட்டிக் கழற்றுகிறான். ஆனால் நிஜ வாழ்க்கையில் நம் ஆழமான பிணைப்புகளை நாம் தேர்ந்தெடுப்பதில்லை, ஏற்கெனவே அவற்றுக்குள் இருப்பதைக் கண்டுகொள்கிறோம் என்பது வாதம். இது உங்களுக்குப் பிடித்திருப்பது புரிகிறது, எல்லோருக்கும் பிடிக்கும். எனக்கு இதைவிட அதே புத்தகத்தில் இருக்கும் இன்னொரு வாதம்தான் பலமானதாகத் தெரிகிறது. ஒருவனுக்கு வாய்த்த திறமை அவன் சம்பாதித்ததல்ல, அது வாய்த்தது தற்செயல், அதனால் அந்தத் திறமைகள் எப்படிப் பரவிக் கிடக்கின்றன என்பதை ஒருவகையில் பொதுச் சொத்தாகப் பார்க்கலாம் என்கிறார் ரால்ஸ். சரி, அது அவனுடையது இல்லை என்றே வைத்துக்கொள்வோம். அதனால் மட்டும் அது ‘நம்முடையது’ ஆகிவிடுமா? அந்த ‘நாம்’ யார்? ஒருவருக்கொருவர் கடன்பட்ட ஒரு சமூகம் ஏற்கெனவே இருக்கிறது என்று வைத்துக்கொண்டால்தான் என் திறமையின் பலனில் உங்களுக்குப் பங்கு கேட்க முடியும். அப்படியொரு ‘நாம்’ தேவை என்றால், தனிமனிதர்களிலிருந்து தொடங்குகிறேன் என்று ரால்ஸ் சொன்னது என்ன ஆயிற்று? நலத்திட்டங்களை ஆதரிக்கும் லிபரல் யாராக இருந்தாலும் இந்தக் கேள்விக்கு முன்னால் கொஞ்சம் நெளியத்தான் வேண்டும்.

டெய்லர் இதை வேறு வழியில் சொன்னார். தேர்ந்தெடுக்கும் திறனே காட்டில் தானாக முளைப்பதில்லை. மொழி, பள்ளி, நீதிமன்றம், பத்திரிகை, விவாதம் என்று ஒரு முழு நாகரிகம் பின்னால் இருந்தால்தான் ஒருவன் சுதந்திரமாக எதையும் தேர்ந்தெடுக்கும் ஆளாக வளர முடியும், எனவே உரிமையை மதிக்கிறவன் அந்தச் சமூகத்தைக் காப்பாற்றும் கடமையையும் சேர்த்தே ஏற்க வேண்டும் என்று 1979இல் ஒரு கட்டுரையில் எழுதினார். கவனித்தால் இது ரால்ஸைவிட நோசிக்கைத்தான் அதிகம் குத்துகிறது. டெய்லர் வெறும் வகுப்பறைத் தத்துவவாதியும் இல்லை. 1965 தேர்தலில் கனடாவில் மான்ட்ரியாலின் மவுண்ட் ராயல் தொகுதியில், பின்னாளில் பிரதமரான பியர் ட்ரூடோவை எதிர்த்து நின்று தோற்றவர். பிரெஞ்சு மொழியைக் காக்க கனடாவின் கியூபெக் மாகாணம் 1977இல் கொண்டுவந்த சட்டம், யார் குழந்தை எந்த மொழிப் பள்ளிக்குப் போகலாம் என்பதையே கட்டுப்படுத்தியது. ஒரு மொழி அடுத்த தலைமுறைக்கும் உயிரோடு இருக்க வேண்டும் என்பது ஒரு கூட்டு இலக்கு, அடிப்படை உரிமைகளைத் தொடாதவரை ஒரு லிபரல் சமூகமும் அப்படிப்பட்ட இலக்கை வைத்துக்கொள்ளலாம் என்று அவர் பின்னாளில் வாதிட்டார். மொழிக்காகத் தெருவில் இறங்கிய ஊர்க்காரர்கள் நாம், இதை இன்னும் கவனமாகப் படிக்க வேண்டியவர்கள்.

மெக்கின்டயர் இவர்களோடு சேர்த்துச் சொல்லப்படுவது வழக்கம், அவருக்கு அது பிடித்ததே இல்லை. மனித உரிமைகளை நம்புவதும் சூனியக்காரிகளையும் ஒற்றைக்கொம்புக் குதிரைகளையும் நம்புவதும் ஒன்றுதான் என்று 1981இல் எழுதிய மனிதர். அவருக்குத் தேவை லிபரலிசத்தில் திருத்தம் அல்ல, அரிஸ்டாட்டிலுக்குத் திரும்புவது. நவீன அரசு என்ற அமைப்பின் மேலேயே அவருக்கு நம்பிக்கை கிடையாது என்பதால், அவரிடமிருந்து நடைமுறைக்கு உதவும் அரசியல் எதையும் எடுக்க முடியாது என்பது என் எண்ணம். படிக்க அபாரமானவர், அது வேறு விஷயம்.

இப்போது பதில். ஏமி கட்மன் 1985இல் எழுதிய ஒரு கட்டுரையில் ஒரே வரியில் விஷயத்தைப் போட்டு உடைத்தார்: இந்தச் சமுதாயவாத (தனிமனிதனுக்கு முன்னால் சமூகப் பிணைப்பை வைக்கிற) விமர்சகர்கள் நாம் சேலத்தில் வாழ வேண்டும் என்கிறார்கள், ஆனால் சூனியக்காரிகளை நம்பக் கூடாதாம். சேலம் என்றதும் நம் ஊர் என்று நினைக்க வேண்டாம், இது அமெரிக்காவின் மாசசூசெட்ஸில் இருக்கும் சேலம். அங்கே 1692இல் சூனியக் குற்றச்சாட்டில் பத்தொன்பது பேரைத் தூக்கிலிட்டார்கள். பிணைப்பும் பொது நன்மை பற்றிய ஒருமித்த நம்பிக்கையும் அந்த ஊரில் குறைவில்லாமல் இருந்தன. அந்தப் பொது நன்மைதான் சூனியக்காரிகளைத் தேடச் சொன்னது. கட்மனுக்கு நான்கு வருடம் கழித்து கனடாத் தத்துவவாதி வில் கிம்லிக்கா இன்னும் நிதானமாகச் சொன்னார். நாம் பிணைப்புகளுக்குள் பிறக்கிறோம் என்பதை எந்த லிபரலும் மறுக்கத் தேவையில்லை. லிபரல் சொல்வதெல்லாம், அந்தப் பிணைப்புகளில் எந்த ஒன்றும் கேள்விக்கு அப்பாற்பட்டதல்ல என்பதுதான். எல்லாவற்றையும் ஒரே நேரத்தில் கழற்றிவைக்க முடியாது, ஆனால் ஒவ்வொன்றாக எடுத்து இது எனக்குச் சரியா என்று பார்க்க முடியும், அப்படிப் பார்க்கிறவரை யாரும் அடிக்கக் கூடாது. ரால்ஸும் 1985இலிருந்து தன் நிலையை மாற்றி, 1993 புத்தகத்தில் விரிவாகவே எழுதினார்: நான் சொல்வது மனிதனின் ஆழ்ந்த இயல்பு பற்றிய தத்துவம் இல்லை, வெவ்வேறு மதமும் கொள்கையும் உள்ளவர்கள் ஒரே அரசியலமைப்பின் கீழ் வாழ வழி செய்யும் அரசியல் ஏற்பாடு மட்டுமே. அது பின்வாங்கலா தெளிவுபடுத்தலா என்று இன்னும் சண்டை போடுகிறார்கள். எனக்குப் பின்வாங்கல்தான் என்று தோன்றுகிறது.

இந்தச் சண்டை நேரடியாக நம் வாசலுக்கு வந்த இடம் ஒன்று உண்டு, உங்கள் பாடத்தில் அது விட்டுப்போயிருக்கும். அமெரிக்கத் தத்துவவாதி மைக்கேல் வால்சர் 1983இல் எழுதிய நூலில், நீதி என்பது அந்தந்தச் சமூகத்தினர் பகிர்ந்துகொள்ளும் அர்த்தங்களைப் பொறுத்தது என்றார். மருத்துவம், பதவி, பணம், கல்வி ஒவ்வொன்றுக்கும் அதனதன் விநியோக விதி அந்தச் சமூகத்தின் புரிதலுக்குள்ளேயே இருக்கிறது, ஒரு துறையில் ஜெயித்தவன் அதை வைத்து இன்னொரு துறையை விலைக்கு வாங்காமல் தடுப்பதே நீதி. பணமிருப்பவன் பதவியையும் மருத்துவத்தையும் நீதியையும் சேர்த்து வாங்கிக்கொள்கிற நாட்டில் இருந்துகொண்டு படித்தால் இது தேன் மாதிரி இனிக்கும். ஆனால் தன் கோட்பாட்டுக்குச் சோதனையாக அவரே எடுத்துக்கொண்டது ஒரு இந்தியக் கிராமம். களத்தில் குவிந்த தானியத்தைச் சாதிக்கேற்ற பங்காகப் பிரித்துக்கொள்கிறார்கள். பங்குகள் சமமில்லை, பெரிய வித்தியாசம். சாதியை நியாயப்படுத்தும் கோட்பாடுகளைக் கிராமத்தார் எல்லோரும் உண்மையாகவே ஏற்றுக்கொள்கிறார்கள் என்று வைத்துக்கொண்டால், வெளியிலிருந்து போகிற ஒருவர் அந்த நம்பிக்கை தவறு என்று வாதாடலாம், ஆனால் அந்தப் பிரிவினை அவர்களுடைய அளவுகோலின்படி அநீதி என்று சொல்ல முடியாது என்கிற இடத்துக்கு வால்சர் வந்து சேர்கிறார்.

லிபரல் சட்டத் தத்துவவாதி ரொனால்ட் டுவொர்கின் அதே வருடம் ஒரு மதிப்புரையில் இதைப் பிடித்துக்கொண்டார். சமூகத்தின் நம்பிக்கையைத் திருப்பிக் காட்டும் கண்ணாடியாக நீதி இருந்தால் அதற்கு என்ன வேலை, அது நம்மை விமர்சிக்க வேண்டாமா என்பது அவர் வாதத்தின் சாரம். வால்சருக்கு நியாயமாக ஒன்றையும் சொல்லிவிட வேண்டும். கீழே இருப்பவர்கள் உள்ளுக்குள் கொதித்துக்கொண்டிருந்தால், அந்தக் கொதிப்புக்குப் பின்னால் இருக்கும் கொள்கைகளும் அந்தக் கிராமத்து நீதியின் ஒரு பகுதிதான் என்று அவரே எழுதியிருக்கிறார்.

ஆனால் என்னைக் கேட்டால் இரண்டு பேருமே தாமதமாக வந்தவர்கள். ‘எல்லோரும் ஏற்றுக்கொள்கிறார்கள் என்று வைத்துக்கொள்வோம்’ என்ற அந்த அனுமானம் அவர்களுக்கு ஐம்பத்தாறு வருடம் முன்பே உடைந்துவிட்டது. 1927 மார்ச்சில் மகாராஷ்டிரத்தின் மஹாட் ஊரில் இருக்கும் சவுதார் குளத்தில் ஆயிரக்கணக்கான தலித்துகள் இறங்கி அம்பேத்கர் தலைமையில் தண்ணீர் எடுத்தார்கள். பொதுக்குளங்கள் எல்லோருக்கும் திறந்தவை என்று பம்பாய்ச் சட்டமன்றம் 1923இலேயே தீர்மானம் போட்டாகிவிட்டது, ஊர்தான் விடவில்லை. தண்ணீர் எடுத்தவர்கள் அடிபட்டார்கள், குளத்துக்குத் தீட்டுக் கழிக்கும் சடங்கும் நடந்தது. அதே டிசம்பரில் அதே ஊரில் மனுஸ்மிருதி எரிக்கப்பட்டது. ‘பகிர்ந்துகொண்ட அர்த்தம்’ யாருடைய அர்த்தம் என்ற கேள்விக்கு இதைவிடத் தெளிவான பதில் எனக்குத் தெரியாது. அடி விழும் என்பதால் வாய்மூடி இருப்பதை வெளியிலிருந்து பார்க்கிற ஆராய்ச்சியாளர் சம்மதம் என்று எழுதிக்கொள்கிறார், அதைப் படித்துவிட்டு ஒரு நல்ல மனிதர் அமெரிக்காவில் கோட்பாடு கட்டுகிறார்.

அம்பேத்கர் இதன் அரசியல் முடிவையும் எடுத்துக்கொடுத்தார். 1948 நவம்பர் 4 அன்று அரசியலமைப்பு வரைவை அரசியல் நிர்ணய சபையில் முன்வைத்தபோது, கிராமத்தை அடிப்படையாக வைக்கவில்லையே என்ற குறைக்குப் பதிலாக, கிராமம் என்பது அறியாமையும் குறுகிய புத்தியும் வகுப்புவாதமும் மண்டிய சாக்கடை, வரைவு கிராமத்தைத் தள்ளிவிட்டுத் தனிமனிதனை அலகாக எடுத்துக்கொண்டதில் எனக்கு மகிழ்ச்சி என்கிற பொருளில் பேசினார். சாண்டல் ஹார்வர்டில் இருந்துகொண்டு பிணைப்பு அறுந்துபோன அமெரிக்கனைப் பார்த்துக் கவலைப்படுகிறார், அது நிஜமான கவலைதான். பிணைப்பு கழுத்தை நெரிக்கிற இடத்திலிருந்து பார்த்தால் அந்த ‘சுமையற்ற சுயம்’ ஒரு தத்துவப் பிழையாகத் தெரியாது, கேட்டுப் பெற வேண்டிய ஒன்றாகத் தெரியும்.

அமெரிக்காவிலேயே இதற்கு ஒரு வழக்கு உண்டு. நவீன வாழ்க்கையிலிருந்து விலகி வாழும் கிறித்தவப் பிரிவு ஆமிஷ். விஸ்கான்சின் மாநிலத்தில் ஆமிஷ் பெற்றோர் சிலர் பிள்ளைகளை எட்டாம் வகுப்போடு நிறுத்திவிட்டார்கள், சட்டப்படி பதினாறு வயது வரை அனுப்ப வேண்டும். ஆளுக்கு ஐந்து டாலர் அபராதம். உச்ச நீதிமன்றம் வரை போய் 1972இல் பெற்றோர் ஜெயித்தார்கள். மூன்று நூற்றாண்டு மரபு, கட்டுக்கோப்பான சமூகம், யாருக்கும் பாரமில்லாத உழைப்பாளிகள் என்று தீர்ப்பு அவர்களைப் பாராட்டித் தீர்த்தது. நீதிபதி டக்ளஸ் மட்டும் ஓரளவு மாறுபட்டு ஒன்று கேட்டார்: பிள்ளைகளைக் கேட்டீர்களா? அந்தப் பையன் பியானோ வாசிக்க ஆசைப்படலாம், விண்வெளிக்குப் போக ஆசைப்படலாம், கடலை ஆராய ஆசைப்படலாம், எட்டாம் வகுப்போடு நிறுத்தினால் அந்தக் கதவு மூடிவிடும். சமுதாயவாதிகளோடு எனக்கு இருக்கும் தகராறு முழுவதும் இந்த ஒரு கேள்விக்குள் அடங்கிவிடும். சமூகத்துக்கு உரிமை கொடு என்றால் நடைமுறையில் அந்தச் சமூகத்தில் பேசும் அதிகாரம் உள்ளவர்களுக்கு உரிமை கொடு என்றுதான் போய் முடிகிறது.

சரி, லிபரல்கள் ஜெயித்துவிட்டார்கள் என்று வீட்டுக்குப் போய்விடலாமா? முடியாது. இனிமேல்தான் கஷ்டமான பகுதி.

ஆமிஷ் வழக்கில் கதவை மூடியது அரசு இல்லை, குடும்பம். குடும்பத்துக்குள் நீதி என்ன என்று ரால்ஸ் கேட்டாரா? பெண்ணியத் தத்துவவாதி சூசன் மோலர் ஓக்கின் 1989இல் இதைத்தான் எடுத்தார். ரால்ஸின் திரைக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தவர்கள் ‘குடும்பத் தலைவர்கள்’ என்று 1971 புத்தகம் சொல்கிறது. தலைவர் விதி வகுத்தால் சமையலறைக்குள் என்ன நடக்கிறது என்பது எப்படி அவைக்கு வரும்? நீதி உணர்ச்சியைக் குழந்தை முதலில் கற்பது குடும்பத்தில்தான் என்று அதே புத்தகம் சொல்கிறது, ஆனால் அந்தக் குடும்பமே நீதியாக இருக்கிறதா என்று பார்க்காமல் நீதியானது என்று வைத்துக்கொண்டு நகர்ந்துவிடுகிறது. ஓக்கின் இதற்காக ரால்ஸைத் தூக்கிப்போடவில்லை என்பது முக்கியம். திரையை நிஜமாகவே போடுங்கள், எழுந்திருக்கும்போது நீங்கள் பெண்ணாக இருக்கலாம், குழந்தையைப் பார்த்துக்கொள்ள வேலையை விட்டு, பிறகு மணமுறிவு ஏற்பட்டு வருமானமில்லாமல் நிற்கிறவராக இருக்கலாம் என்று நினைத்துப் பாருங்கள், அப்போது இன்றைய திருமண ஏற்பாட்டுக்குக் கையெழுத்துப் போடுவீர்களா என்றார். அதே புத்தகத்தில் மெக்கின்டயரையும் வால்சரையும் அவர் விட்டுவைக்கவில்லை. மரபுக்குத் திரும்புங்கள் என்கிறீர்கள், எந்த மரபு, பெண்ணுக்கு அதில் என்ன இடம்?

அடுத்தவர் ஜமைக்காவில் வளர்ந்த தத்துவவாதி சார்லஸ் மில்ஸ். பெயர் ஒற்றுமைக்காகக் குழப்பிக்கொள்ள வேண்டாம், ஆனால் பத்தொன்பதாம் நூற்றாண்டு ஆங்கிலத் தத்துவவாதி ஜான் ஸ்டூவர்ட் மில்லிலிருந்து தொடங்கினால்தான் இவர் சொல்வது நன்றாகப் புரியும். சுதந்திரம் பற்றிய லிபரலிசத்தின் வேதப் புத்தகத்தை மில் 1859இல் வெளியிட்டார். அதற்கு முந்தைய வருடம் வரை முப்பத்தைந்து ஆண்டுகள் அவர் வேலை பார்த்தது கிழக்கிந்தியக் கம்பெனியில். இந்தியாவுக்கு ஒருமுறைகூட வராமல், லண்டன் அலுவலகத்தில் உட்கார்ந்து இந்தியாவுக்கான ஆணைகளை எழுதினார். அந்தப் புத்தகத்தின் முதல் அத்தியாயத்திலேயே இந்தச் சுதந்திரக் கொள்கை குழந்தைகளுக்கும், முதிர்ச்சியடையாத இனங்களுக்கும் பொருந்தாது, காட்டுமிராண்டிகளை அவர்கள் முன்னேற்றத்துக்காக என்றால் சர்வாதிகாரமாக ஆளலாம் என்று எழுதியிருக்கிறார். அந்தக் காட்டுமிராண்டி நம் கொள்ளுத் தாத்தாவின் அப்பா. இதைச் சும்மா அந்தக் காலத்து ஆள் என்று தள்ளிவிடலாம் என்பீர்கள். மில்ஸ் 1997இல் எழுதிய ‘இன ஒப்பந்தம்’ அப்படித் தள்ளவிடாது. அடிமை வணிகக் கம்பெனியில் பங்கு வைத்திருந்த ஆங்கிலத் தத்துவவாதி ஜான் லாக்கிலிருந்து தொடங்கி, ‘மனிதர்கள் எல்லோரும் சமம்’ என்று தங்களுக்குள் ஒத்துக்கொண்டு அரசை அமைத்ததாகச் சொல்லும் சமூக ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டவர்கள் வெள்ளை ஆண்கள், மற்றவர்கள் அந்த ஒப்பந்தத்தின் தரப்பு இல்லை, அதன் சரக்கு; விதிவிலக்கு போலத் தெரிவதுதான் அங்கே விதி என்கிறார். ரால்ஸ் மேல் அவருக்கு இருந்த கோபமும் இதையொட்டியதுதான். எல்லோரும் விதிகளை மதிக்கும் ஒரு சீரான சமூகத்தைக் கற்பனை செய்து, அதற்கான நீதியை முதலில் வகுத்துவிட்டு, அநீதியான சமூகத்தைப் பிறகு பார்க்கலாம் என்றார் ரால்ஸ். அந்தப் ‘பிறகு’ வரவே இல்லை. அடிமைமுறையிலும் நிறவெறியிலும் எழும்பிய ஒரு நாட்டில் உட்கார்ந்து சுமார் அறுநூறு பக்கம் நீதி எழுதியவர், அந்த அநீதிக்கு ஈடு என்ன என்பதற்கு இடம் ஒதுக்கவில்லை.

இது எவ்வளவு நடைமுறையான பிரச்சினை என்று பார்க்க நாம் அமெரிக்கா போக வேண்டியதில்லை. சென்னை மாகாணத்தின் வகுப்புவாரி அரசாணை மருத்துவ, பொறியியல் கல்லூரி இடங்களைப் பதினான்கு பதினான்காகப் பிரித்தது: பிராமணரல்லாத இந்துக்களுக்கு 6, பிற்படுத்தப்பட்ட இந்துக்களுக்கு 2, பிராமணர்களுக்கு 2, அரிஜனங்களுக்கு 2, ஆங்கிலோ இந்தியர்களுக்கும் இந்தியக் கிறித்தவர்களுக்கும் சேர்த்து 1, முஸ்லிம்களுக்கு 1. அரசியலமைப்பு வந்ததும் செண்பகம் துரைராஜன் வழக்கில் இது எதிர்க்கப்பட்டது. சாதி, மதம் மட்டுமே காரணமாக எந்தக் குடிமகனுக்கும் கல்லூரி இடம் மறுக்கக் கூடாது என்ற தனிமனித உரிமையின் பெயரால், 1951 ஏப்ரலில் உச்ச நீதிமன்றமும் அந்த ஆணை செல்லாது என்றது. படித்தால் தீர்ப்பின் தர்க்கத்தில் ஓட்டை கண்டுபிடிப்பது சுலபமில்லை, ஏனென்றால் அது ஒரு சீரான சமூகத்தைக் கற்பனை செய்துகொண்டு எழுதிய தர்க்கம். தமிழ்நாட்டில் கிளர்ச்சி வெடித்தது, அந்த ஜூனிலேயே அரசியலமைப்பின் முதல் திருத்தம் வந்து, பின்தங்கிய வகுப்புகளுக்குத் தனி ஏற்பாடு செய்ய அரசை அனுமதிக்கும் 15(4) பிரிவு சேர்ந்தது. அப்போது சட்ட அமைச்சர் அம்பேத்கர், திருத்தத்தை ஆதரித்துப் பேசினார். தனிமனிதனை அலகாக எடுத்துக்கொண்டதில் மகிழ்ச்சி என்றவரேதான். இதில் முரண்பாடு இருப்பதாகச் சிலர் சொல்வார்கள், எனக்குத் தெரியவில்லை. எல்லோரும் தனிமனிதர்களாக நடத்தப்படும் இடத்துக்குப் போய்ச்சேர வேண்டும் என்பது ஒன்று, ஏற்கெனவே போய்ச்சேர்ந்துவிட்டோம் என்று நடிப்பது வேறொன்று. மில்ஸும் கடைசியில் கிட்டத்தட்ட இங்கேதான் வந்து நின்றார். 2021இல் இறப்பதற்குச் சில வருடம் முன்பு எழுதிய புத்தகத்தில், லிபரலிசத்தைக் கைவிடச் சொல்லாமல், அதைக் கறுப்பர்களின் கையில் எடுத்துத் திருத்தி எழுத வேண்டும் என்றார்.

இடையில் இன்னும் சில பெயர்களை நீங்கள் எதிர்பார்க்கலாம். ஜெர்மன் சட்ட அறிஞர் கார்ல் ஷ்மிட், அரசியல் என்றாலே நண்பன், எதிரி என்ற பிரிவுதான், லிபரல்கள் அதை மறைத்துப் பேச்சுவார்த்தை நாடகம் ஆடுகிறார்கள் என்றவர், 1933இல் நாஜிக் கட்சியில் சேர்ந்தார். அவருடைய கேள்விகளை இடதுசாரிகளும் எடுத்துப் பயன்படுத்துகிறார்கள், நான் அந்த ஆளிடம் பாடம் கேட்கத் தயாரில்லை. அமெரிக்கப் பேராசிரியர் பேட்ரிக் டெனீன் 2018இல் லிபரலிசம் தோற்றுவிட்டது, ஏனென்றால் அது ஜெயித்துவிட்டது என்று எழுதி ஒபாமாவின் வாசிப்புப் பட்டியலில்கூட இடம் பிடித்தார். அமெரிக்கச் சிறு நகரங்கள் காலியாவது பற்றி அவர் எழுதியதில் உண்மை உண்டு, ஆனால் மருந்து என்று வரும்போது மறுபடி சேலம்தான்.

கடைசியாக ஒருவர், என் கணக்கில் ரால்ஸுக்கு மிகவும் தொந்தரவு கொடுத்தவர்: மான்ட்ரியாலில் கம்யூனிஸ்ட் குடும்பத்தில் வளர்ந்து ஆக்ஸ்ஃபோர்டில் பேராசிரியரான ஜி.ஏ. கோஹன். 1988இல் பிரிட்டனின் நிதி அமைச்சர் நைஜல் லாசன் உச்ச வருமான வரியை 60 சதவீதத்திலிருந்து 40ஆகக் குறைத்தார். அப்போது சொல்லப்பட்ட நியாயம் நமக்கும் பழக்கமானது: வரி அதிகம் இருந்தால் திறமைசாலிகள் உழைக்க மாட்டார்கள், அவர்கள் உழைக்காவிட்டால் ஏழைக்கும் நஷ்டம், எனவே ஏழையின் நன்மைக்காகவே பணக்காரனுக்கு அதிகம் விட வேண்டும். இது ரால்ஸின் இரண்டாவது கொள்கையின் வாயிலிருந்தே வருகிற மாதிரி இல்லையா? கோஹன் ஒரு குழந்தைக் கடத்தல்காரனைக் கொண்டுவந்தார். ‘குழந்தைகள் பெற்றோரிடம் இருக்க வேண்டும், பணம் கொடுக்காவிட்டால் இந்தக் குழந்தை பெற்றோரிடம் வராது, எனவே பணம் கொடுக்க வேண்டும்.’ வாதம் தர்க்கப்படி சரி. போலீஸ்காரர் பெற்றோரிடம் இதைச் சொன்னால் யாரும் முகம் சுளிக்க மாட்டார்கள். கடத்தல்காரனே பெற்றோரின் முகத்தைப் பார்த்துச் சொன்னால்? இரண்டாவது வரியை உண்மையாக்குகிறவன் அவன்தானே. அதே மாதிரி, அதிகச் சம்பளம் இல்லாவிட்டால் கடைநிலையில் இருப்பவன் பாதிக்கப்படுவான் என்பதை உண்மையாக்குவது திறமைசாலிகளின் சொந்த முடிவு. அவர்கள் ரால்ஸின் நீதியை மனதார ஏற்றவர்கள் என்றால் அந்தப் பேரத்தைப் பேசுவானேன்?

ரால்ஸின் தரப்பு சொல்லும் பதில், நீதிக்கொள்கை சமூகத்தின் அடிப்படை அமைப்புகளுக்குத்தான், தனி ஆட்கள் அந்த விதிகளுக்குள் என்ன முடிவெடுக்கிறார்கள் என்பதற்கு அல்ல. இங்கேதான் கோஹன் ஓக்கினின் கேள்வியைக் கையில் எடுக்கிறார். அடிப்படை அமைப்பு என்றால் என்ன? சட்டத்தால் கட்டாயப்படுத்தும் அமைப்புகள் மட்டும் என்றால், சட்டம் சொல்லாமலே வழக்கத்தால் நடக்கிற வீட்டுவேலைப் பிரிவினை வெளியே போய்விடும், பெண்ணுக்கு நடக்கும் அநீதியைப் பற்றி உங்களால் பேச முடியாது. பிறந்ததிலிருந்து ஒருவரின் வாழ்க்கை வாய்ப்பை ஆழமாகப் பாதிக்கிற எதுவும் அடிப்படை அமைப்புதான் என்றால் குடும்பம் உள்ளே வரும், ஆனால் அதே கதவு வழியாக அந்தத் திறமைசாலி கேட்கும் சம்பளமும் உள்ளே வந்துவிடும். ரால்ஸ் பக்கம் நிற்கிற உங்கள் ஆசிரியரிடம் ‘சுமையற்ற சுயம்’ பற்றிக் கேட்பதை விட்டுவிட்டு, இதில் எந்த எல்லையை எடுத்துக்கொள்கிறார் என்று கேட்டுப் பாருங்கள்.